மெக்கிங் ஒதுங்கியவரா?

கேள்வி: சதுரங்கத்துக்குத் தென் அமெரிக்கா தந்தது முன்னாள் உலகச் சாம்பியன் காபபிளாங்கா ஒருவரைத்தான். சென்ற இதழில் பிரேசிலின் மெக்கிங்கை ‘மாபெரும் ஆட்டக்காரர்’ என்று எழுதியிருந்தீர்கள். சின்ன வயதில் பேரெடுத்து, உலகச் சாம்பியனோடு மோதுபவரைத் தேர்ந்தெடுக்கும் காண்டிடேட்ஸில் இரண்டு முறை முதல் சுற்றிலேயே தோற்று, பிறகு உடம்பு சரியில்லை என்று ஒதுங்கிக்கொண்டவர்தானே அவர்? உலகப் பட்டத்துக்கே மோதாத ஒருவரை இப்படித் தூக்கிப் பிடிக்கலாமா?
- வாசகர், விருதுநகர்

பதில்: முதலில் பூகோளத்தைச் சரிசெய்துகொள்வோம். காபபிளாங்கா பிறந்தது ஹவானாவில். கியூபா கரீபியன் தீவு. அவரைத் தென் அமெரிக்கக் கணக்கில் எழுத முடியாது. அந்தக் கண்டத்தில் சதுரங்கம் வேர்பிடித்தது அர்ஜென்டினாவில். 1939-இல் புவனோஸ் ஐரஸில் நாடுகளின் அணிகள் மோதும் சதுரங்க ஒலிம்பியாட் நடந்துகொண்டிருந்தபோதே ஐரோப்பாவில் போர் மூண்டது. ஆட வந்த நஜ்டோர்ஃப், எலிஸ்காசஸ் போன்றவர்கள் ஊர் திரும்பாமல் தென் அமெரிக்காவிலேயே தங்கிவிட்டார்கள். அப்படிப்பட்டவர்கள் இருந்த சூழலில் வளர்ந்த ஆஸ்கார் பன்னோ 1953-இல் உலக ஜூனியர் பட்டம் வென்றார்.

பிரேசிலுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 1972-இல் மெக்கிங் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது, அந்த நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டரே அவர்தான். தனக்குச் சமமான ஒருவரோடு ஆடிப் பழக வேண்டுமென்றால் அவர் நாட்டை விட்டுத்தான் போக வேண்டும். 1952-இல் தெற்குக் கோடி மாநிலமான ரியோ கிராண்டே டோ சுலில் பிறந்த அவர், 13 வயதில் தேசியப் பட்டத்தை வென்று, 15 வயதில் துனிசியாவின் சூஸ் நகரில் நடந்த இண்டர்சோனல் என்ற உலகப் பட்டத் தகுதிப் போட்டியில் ஆடினார். ‘சின்ன வயதில் பேரெடுத்தவர்’ என்று ஒரே வரியில் நீங்கள் கடந்துபோகும் பகுதி இதுதான்.

இனி உங்கள் கேள்வியின் மையத்துக்கு வருவோம். அன்றைய உலகப் பட்டத்துக்கான ஏணி இப்படி: முதலில் மண்டலப் போட்டி, அதில் தேறினால் இண்டர்சோனல், அதில் முதல் சில இடங்களைப் பிடித்தால் காண்டிடேட்ஸ் நேர்மோதல்கள், அவற்றையெல்லாம் வென்றால்தான் சாம்பியனோடு மோதல். பெரும்பாலான நல்ல ஆட்டக்காரர்கள் இண்டர்சோனலிலேயே நின்றுபோனார்கள். 1973-இல் பிரேசிலின் பெட்ரோபொலிஸில் 18 பேர், 17 சுற்றுகள், மேலே போக மூன்றே இடங்கள். ஆட வந்தவர்களில் முன்னாள் உலகச் சாம்பியன் ஸ்மிஸ்லோவ், பிரான்ஸ்டீன், கெரெஸ், ரெஷெவ்ஸ்கி போன்ற பெரும்புள்ளிகள் எல்லோரும் உண்டு. மெக்கிங் ஓர் ஆட்டம்கூடத் தோற்காமல் 12 புள்ளிகளோடு தனி முதலிடம். அரைப் புள்ளி பின்னால் கெல்லர், போலுகாயேவ்ஸ்கி, போர்டிஷ். சொந்த நாட்டில் நடந்ததால் கிடைத்தது என்பீர்களானால், 1976-இல் மணிலாவைப் பாருங்கள். 20 பேர், 19 சுற்றுகள், 13 புள்ளிகளோடு மறுபடியும் தனி முதலிடம். ஹோர்ட்டும் போலுகாயேவ்ஸ்கியும் அரைப் புள்ளி பின்னால். அடுத்தடுத்த இரண்டு சுழற்சிகளில் இண்டர்சோனலை வெல்வது அதிர்ஷ்டத்தால் நடப்பதல்ல.

அதற்கு முன் அவர் எங்கே நின்றார் என்பதை ஓர் ஆட்டம் காட்டும். 1970 பால்மா இண்டர்சோனலில் எதிரே அமெரிக்காவின் ஃபிஷர், அவருக்கு வெள்ளைக் காய்கள். 16-ஆம் நகர்த்தலில் மெக்கிங் நடுவில் இருந்த மந்திரியை வெட்டினார். ஃபிஷர் அதைச் சிப்பாயால் திருப்பி வெட்டியதும், வெள்ளை யானைக்கு எஃப் வரிசை திறந்துவிட்டது. அதை அடைக்க மெக்கிங் எஃப் சிப்பாயை இரண்டு கட்டம் தள்ளினார். ஃபிஷர் அதை ஆன்பாசான் முறையில் (இரண்டு கட்டம் பாய்ந்த சிப்பாயை ஒரு கட்டமே நகர்ந்ததுபோல் பாவித்து) வெட்ட, மெக்கிங் யானையால் திருப்பி வெட்டினார். அங்கேதான் அடி விழுந்தது. 19-ஆம் நகர்த்தலில் ஃபிஷர் தன் ராணியைக் கொடுத்து ஜி7 சிப்பாயை வெட்டி ‘செக்’ சொன்னார். கறுப்பு ராணி வெட்டியே ஆக வேண்டும். வெட்டியதும் அது வெள்ளை யானைக்கும் தன் ராஜாவுக்கும் நடுவில் கட்டுண்டுவிடும். எனவே எஃப்6 கட்டத்தில் நிற்கும் கறுப்பு யானையை வெள்ளை யானை வெட்டும்போது, அதை அந்த ராணியால் திருப்பி வெட்ட முடியாது. புழுதி அடங்கியபோது வெள்ளைக்கு ஒரு சிப்பாய் அதிகம். அதைவிட மோசம், கறுப்பு மந்திரி தன் சிப்பாய்கள் நிற்கும் அதே நிறக் கட்டங்களில் மாட்டிக்கொண்டு, சுதந்திரமாகத் திரியும் குதிரையோடு மல்லுக்கட்ட வேண்டிய நிலை. 42 நகர்த்தல்களில் ஆட்டம் முடிந்தது. 18 வயதில் இப்படி அடி வாங்கியவர்தான் மூன்றே ஆண்டுகளில் 17 சுற்றுகளைத் தோல்வியின்றி முடித்தார்.

காண்டிடேட்ஸ் தோல்விகள் உண்மைதான், எண்களோடு சொல்கிறேன். 1974-இல் அமெரிக்காவின் ஆகஸ்டாவில் கோர்ச்னாயுடன்: முதலில் மூன்று வெற்றி பெறுபவர் ஜெயித்தவர். 13 ஆட்டங்களில் ஒன்று ஜெயித்து, மூன்று தோற்று, ஒன்பது டிரா. அந்தச் சுழற்சியின் இறுதி மோதல் வரை போய்க் கார்ப்போவை 24 ஆட்டங்கள் இழுத்தடித்தவர் அதே கோர்ச்னாய். 1977-இல் லுசெர்னில் போலுகாயேவ்ஸ்கியுடன் 12 ஆட்டங்கள்: ஒரு தோல்வி, 11 டிரா. இரண்டையும் கூட்டினால் 25 ஆட்டங்களில் ஒரே ஒரு வெற்றி. மெக்கிங்கின் மீது வைக்கக்கூடிய நியாயமான குறை இதுதான். பலர் ஆடும் போட்டியில் வலுவானவர்களோடு டிரா செய்து, கீழ்ப்பாதியிடம் புள்ளி சேர்த்து ஜெயிக்கலாம். நேர்மோதலில் கீழ்ப்பாதியே கிடையாது. உங்கள் தொடக்க ஆட்டங்களை மாதக்கணக்கில் பிரித்துப் பார்த்துவிட்டு வந்த ஒருவரே தினமும் எதிரே உட்கார்ந்திருப்பார். அவரை உடைக்கும் வழியை மெக்கிங் அப்போது கண்டுபிடித்திருக்கவில்லை. கண்டுபிடிக்க வயது இருந்தது. 1970-களின் பிற்பகுதியில் உலகச் சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடேயின் தரவரிசையில் கார்ப்போவுக்கும் கோர்ச்னாய்க்கும் அடுத்த மூன்றாம் இடத்தில் இருந்தபோது அவருக்கு 26 வயதுகூட நிரம்பியிருக்கவில்லை.

‘உடம்பு சரியில்லை என்று ஒதுங்கியவர்’ என்ற சொற்களை மட்டும் என்னால் விட்டுவிட முடியாது. அவருக்கு வந்தது மயஸ்தீனியா கிரேவிஸ். நரம்பிலிருந்து தசைக்குச் செய்தி கொண்டுபோவது அசிட்டைல்கோலின் என்ற வேதிப்பொருள். அதை வாங்கிக்கொள்ளும் ஏற்பிகளை உடம்பின் எதிர்ப்புச் சக்தியே தாக்கி அழிக்கும் நோய் இது. தசையைப் பயன்படுத்தப் பயன்படுத்தத் தளரும். ஓய்வெடுத்தால் கொஞ்சம் மீளும். இமை தொங்கும், ஒன்று இரண்டாகத் தெரியும், மெல்லவும் விழுங்கவும் பேசவும் சிரமம் வரும், முற்றினால் மூச்சுக்கே ஆபத்து. யோசிக்கும் திறனை அது தொடாது. மூளை தயாராக இருக்க உடம்பு மறுக்கும். அன்றைய ஆட்டமுறை இரண்டரை மணி நேரத்தில் 40 நகர்த்தல். இருவருக்கும் சேர்த்து ஐந்து மணி நேரம் ஒரே அமர்வு. முடியாவிட்டால் அடுத்த நகர்த்தலை உறையில் எழுதி ஒட்டிவிட்டு, இன்னொரு நாள் தொடர வேண்டும். இப்படி ஒரு மாதம். 1979-இல் சொந்த நாட்டிலேயே, ரியோ டி ஜெனிரோ இண்டர்சோனலில் ஆட உட்கார்ந்தவர், தொடக்கச் சுற்றுகளிலேயே விலக வேண்டியதாயிற்று. அதை ஒதுங்கல் என்று சொல்வது அநியாயம்.

அத்தோடு முடியவும் இல்லை. பிழைத்ததைப் பிரார்த்தனையின் பலன் என்றே அவர் சொல்லிவருகிறார், ஆழ்ந்த கத்தோலிக்கர். 1991-இல், 39 வயதில், பெல்கிரேடில் பிரெட்ராக் நிகோலிச்சோடு ஆறு ஆட்டங்கள் மோதினார். நிகோலிச் அதே ஆண்டு காண்டிடேட்ஸில் ஆடியவர். பன்னிரண்டு ஆண்டு இடைவெளிக்குப் பிறகு வந்த மெக்கிங் ஒன்றில் தோற்று, ஐந்தை டிரா செய்தார். அடுத்த ஆண்டு சாவோ பாலோவில் அமெரிக்க கிராண்ட்மாஸ்டர் செய்ராவானிடம் இரண்டு தோல்வி, நான்கு டிரா. பழைய உயரம் திரும்பவில்லை. ஆனாலும் அதன்பிறகும் போட்டிகளில் காய் நகர்த்துவதை அவர் விட்டுவிடவில்லை.