சுக்கினி, பரங்கி, பூசணி: தண்ணீர் எப்போது, எவ்வளவு?

தாம்பரம்: அக்கா, மாடியில் சுக்கினி வைத்திருக்கிறேன். காலை, மாலை இரண்டு வேளையும் தண்ணீர் விட்டும் மதியம் இலையெல்லாம் துவண்டு தொங்குகிறது. இன்னும் கூட்டலாமா?

கூட்டவே கூட்டாதீர்கள். சுக்கினி பரங்கிக்கு உறவு, இலை முறம் மாதிரி அகலம். உச்சி வெயிலில் இலை நீரை ஆவியாக விடுகிற வேகத்துக்கு வேரால் தண்ணீரை ஏற்ற முடியாது, அதனால் தொங்கும். மாலை ஆறு மணிக்குப் போய்ப் பாருங்கள், தானாக நிமிர்ந்திருக்கும். காலையிலும் துவண்டே இருந்தால்தான் கவலைப்பட வேண்டும். அப்போதும் குடத்தைத் தூக்காமல் முதலில் விரலை மண்ணுக்குள் இரண்டு கணு ஆழம் விடுங்கள். மண் விரலில் ஒட்டினால் ஈரம் இருக்கிறது. உதிர்ந்தால் தண்ணீர் கேட்கிறது.

தேங்காய் நார்த்தூள் கலந்த பையில் இது இன்னும் முக்கியம். மேலே காய்ந்து வெளுத்திருக்கும், அடியில் சொதசொதவென்று கிடக்கும். முதல் வருடம் என் நான்கு பைகள் அப்படித்தான் போயின. செடியைப் பிடுங்கியபோது வேர் பழுப்பாக இருந்தது. விரலால் இழுத்தால் தோல் உறை மாதிரி உருவிக்கொண்டு வந்தது, சாக்கடை வாடை வேறு.

விடும்போது பையின் அடித் துளையில் கசியும் வரை நிதானமாக விடுங்கள். தினமும் அரைக் குவளை தெளித்தால் வேர் மேலேயே சுற்றிக்கொண்டிருக்கும். காலை ஏழு மணிக்குள், தூரில் மட்டும் விடுங்கள், இலையில் வேண்டாம். மேலே இரண்டு அங்குலத்துக்குக் காய்ந்த சருகைப் பரப்பினால் வெயில் நாளிலும் ஒரு வேளை போதும்.

மதுரை: பிஞ்சு விரல் அளவு வந்ததும் மஞ்சளாகி நுனியிலிருந்து அழுகுகிறது. தண்ணீர் போதவில்லையா?

தண்ணீர் காரணமில்லை, மகரந்தம் சேரவில்லை. நீளக் காம்பில் நிற்பது ஆண் பூ, அடியில் குட்டிக் காயோடு வருவது பெண் பூ. முதலில் சில நாள் ஆண் பூவாகவே வரும், பயப்பட வேண்டாம். மாடிக்குத் தேனீ வரவில்லை என்றால் நீங்கள்தான் தேனீ. ஆண் பூவைப் பறித்து, இதழைக் கிழித்துவிட்டு, நடுவில் உள்ள மஞ்சள் தண்டைப் பெண் பூவின் நடுவில் மெதுவாகத் தேயுங்கள். சுக்கினி, பரங்கிப் பூக்கள் விடிகாலையில் விரிந்து வெயில் ஏறியதும் மூடிக்கொள்ளும். ஒன்பது மணிக்குப் போனால் பயனில்லை. சுரை, பீர்க்கு இரண்டும் மாலையில் விரியும், அவற்றுக்கு மாலையில் செய்யுங்கள்.

கோவை: எனக்கும் பிஞ்சு மஞ்சளாகி உதிர்கிறது, என்ன உரம் போடலாம்?

உரம் வேண்டாம். மதுரைக்குச் சொன்னதைப் படியுங்கள்.

திருச்சி: என் பரங்கிப் பிஞ்சும் அழுகுகிறது. ஊசி குத்தியது போல் புள்ளி இருக்கிறது, பிசின் வடிகிறது.

இது வேறு. பழ ஈ முட்டையிட்ட இடம். பிளந்தால் உள்ளே புழு நெளியும். அதைக் குப்பையிலும் உரக்குழியிலும் போடாமல், பாலித்தீன் பையில் கட்டி வெயிலில் வையுங்கள். மகரந்தம் சேர்த்த மறுநாளே பிஞ்சுக்குக் காகித உறை போடுங்கள். ஆண் ஈயை வாசனையால் இழுத்துப் பிடிக்கும் இனக்கவர்ச்சிப் பொறி வாங்கினால் ‘கியூலூர்’ என்று கேட்டு வாங்குங்கள். ‘மெத்தில் யூஜினால்’ மாம்பழ ஈக்கு உரியது, கொடிக்காய் ஈ அதற்கு வராது. கடையில் எதையாவது எடுத்துக் கொடுத்துவிடுவார்கள்.

ஈரோடு: நீங்கள் பரங்கி என்பது எங்கள் அரசாணிக்காய்தானே? பூசணி என்றால் திருஷ்டிக்கு உடைக்கிற வெள்ளைக்காயா?

ஆமாம், இரண்டும் சரி.

திருநெல்வேலி: அதெப்படி? எங்களுக்குப் பூசணி என்றாலே மஞ்சள்தான்.

யாழ்ப்பாணம்: அக்கா, நாங்களும் மஞ்சளைத்தான் பூசணி எண்டு சொல்லுறம். வெள்ளை நீத்துப்பூசணி.

மயிலாப்பூர்: பரங்கிதான் சரியான பெயர். மற்றதெல்லாம் குழப்பம்.

யாருடைய பெயரும் தப்பில்லை. மஞ்சள் காயின் பூர்வீகம் அமெரிக்கக் கண்டம். கடல் தாண்டி வந்ததால்தான் பறங்கியர் பெயர் அதில் ஒட்டியது. வெள்ளைக்காய் ஆசியாவுடையது, ஒரே குடும்பம் என்றாலும் வேறு பேரினம். ஏற்கெனவே இருந்த பூசணிப் பெயரைப் புதுக்காய்க்கும் சில ஊர்கள் கொடுத்தன, சில ஊர்கள் புதுப்பெயர் வைத்தன. எங்கள் தெருவில் பரங்கிக்காய் என்று சொல்கிற வீட்டிலேயே மார்கழிக் கோலத்தில் சாணி உருண்டைமேல் செருகுவதைப் பூசணிப்பூ என்பார்கள். பாட்டிமார் அதற்கு ஆண் பூவைத்தான் பறிப்பார்கள், பிஞ்சோடு இருப்பதைத் தொடமாட்டார்கள். தினமும் இரண்டு ஆண் பூவைக் கொடியில் விட்டுவைத்தால் கோலமும் நடக்கும், காயும் பிடிக்கும்.

ஆனால் விதை வாங்கும்போது காயைக் காட்டிக் கேளுங்கள், ஏனென்றால் தண்ணீர்க் கணக்கு மாறும். சுக்கினியைச் சாண் நீளத்தில் இளசாகப் பறிப்பதால் கடைசி வரை ஈரம் வேண்டும். பரங்கியும் வெண்பூசணியும் முற்ற வேண்டிய காய்கள். காம்பு காயத் தொடங்கியதும் தண்ணீரைக் குறைத்துவிடுங்கள்.

சேலம்: சுக்கினி இலையில் வெள்ளை வெள்ளையாக இருக்கிறது. சாம்பல் நோயா?

விரலால் தேயுங்கள். மாவு மாதிரி ஒட்டினால் நோய். ஒட்டாமல் நரம்பு ஓரமாக வெள்ளித்திட்டு இருந்தால் அந்த ரகத்தின் இயல்பு. நோய் என்றால் ஒரு பங்கு பாலில் ஒன்பது பங்கு தண்ணீர் கலந்து காலையில் தெளியுங்கள். முற்றிய இலைகளைக் கிள்ளிக் காற்றுப் போக விடுங்கள்.

வேலூர்: போன வருட சுக்கினி விதையைப் போட்டேன், காய் கசக்கிறது. உப்பு போட்டுப் பிழிந்தால் சரியாகுமா?

ஆகாது, தயவுசெய்து சாப்பிடாதீர்கள். அந்தக் கசப்பு குக்கர்பிட்டாசின் என்ற நச்சுப்பொருள். வேக வைத்தாலும் போகாது. கசந்த சுரைக்காய்ச் சாற்றைக் குடித்து நம் நாட்டில் உயிரே போயிருக்கிறது. 2015இல் ஜெர்மனியில் ஒரு முதியவர் வீட்டுத் தோட்டத்துச் சுக்கினி சமைத்துச் சாப்பிட்டு இறந்தார். பக்கத்தில் அழகுக்கு வளர்க்கும் அலங்காரப் பரங்கி இருந்து மகரந்தம் கலந்தால் இந்த வருடக் காய் நன்றாகவே இருக்கும், அதன் விதையில் முளைக்கும் செடியின் காயில்தான் கசப்பு வரும். சமைக்கும் முன் காம்புப் பக்கம் ஒரு துணுக்கைக் கடித்துப் பாருங்கள். கசந்தால் துப்பிவிட்டு, செடியையே பிடுங்குங்கள். சுரைக்கும் இதே விதி.

கடலூர்: என் ரோஜாவில் இலைப்பேன்...

எனக்குத் தெரிந்தது கொடிக்காய்கள்தான். பக்கத்துத் தோட்டக்கலை அலுவலகத்தில் கேளுங்கள்.

தஞ்சாவூர்: அக்கா, பிஞ்சு மஞ்சளாகி...

மதுரைக்குச் சொன்ன பதில்தான். நாளைக் காலை ஆறரைக்கு மாடிக்குப் போய், எத்தனை ஆண் பூ விரிந்திருக்கிறது என்று எண்ணிவிட்டு எழுதுங்கள்.