சிறுபால ஒப்பந்தம் ரத்தா? முதலில் அளவெடுக்கச் சொல்லுங்கள்

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். மற்றவர்களுக்கும் புரியட்டும் என்று சுருக்கிச் சொல்கிறேன். 84 லட்ச ரூபாய்க்கு ஒரு சிறுபாலம், ஒன்பது மாதக் கெடு. இடத்தின் நடுவே நின்ற மின்கம்பத்தை மாற்றித் தரவே துறைக்கு மூன்று மாதம் ஆனது. தீபாவளிக்குப் போன ஆட்கள் திரும்பாததில் உங்கள் பக்கமும் இருபது நாள் போனது. கெடு முடிந்ததும் “ஒப்பந்தத்தை ஏன் ரத்து செய்யக் கூடாது” என்று நோட்டீஸ், நீங்கள் பதில் கொடுத்தீர்கள், பத்தே நாளில் அந்தப் பதிலைப் பற்றி ஒரு வரிகூட இல்லாமல் உத்தரவு: ஒப்பந்தம் ரத்து, 4.2 லட்சம் டெபாசிட் பறிமுதல், பத்து சதவீதம் தாமத இழப்பீடு, மிச்ச வேலைக்கு ஆகும் கூடுதல் செலவும் உங்கள் தலையில், அப்புறம் மூன்று வருடம் கருப்புப் பட்டியல். ஒரே ரிட் (அரசின் உத்தரவை எதிர்த்து நேரே உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டு எல்லாவற்றையும் உடைக்கலாமா, மறு டெண்டருக்கு ஸ்டே வாங்கலாமா என்று கேட்கிறீர்கள்.

ஸ்டேக்கு அலையாதீர்கள். சாலை, பாலம் போன்ற பணிகளைத் தாமதப்படுத்தும் தடையாணை கூடாது என்று குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தில் 2018 திருத்தம் 20ஏ பிரிவைச் சேர்த்துவிட்டது. அந்த மனுவுக்குச் செலவாகும் நாட்களில் உங்கள் சாட்சியம் மண்ணுக்குள் போய்விடும்.

அதனால்தான் இந்த வாரமே அளவெடுப்பு என்கிறேன். ஸ்லாப்புக்குக் கம்பி கட்டி முடித்துவிட்டீர்கள், கான்கிரீட் போடவில்லை. புது ஒப்பந்ததாரர் வந்து கான்கிரீட் கொட்டிவிட்டால் அந்தக் கம்பி எத்தனை டன், யார் போட்டது என்று எந்த நீதிபதியாலும் பார்க்க முடியாது. கூட்டு அளவெடுப்புக்குத் தேதி கேட்டு செயற்பொறியாளருக்குப் பதிவுத் தபாலில் எழுதுங்கள். களத்தில் கிடக்கும் ஜல்லி, எம்சாண்ட் வரை எம் புக்கில், அதாவது துறையின் அளவுப் புத்தகத்தில் ஏற வேண்டும். அளவு குறைவாகத் தெரிந்தால் ‘ஆட்சேபத்துடன்’ என்று உங்கள் கையாலேயே எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். அவர்கள் வராவிட்டால் நேரில் பார்த்து அறிக்கை தர ஆணையர் கேட்டு நீதிமன்றம் போகலாம். ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் ஷரத்து (தகராறை நடுவர் தீர்ப்பார் என்ற நிபந்தனை) இருந்தால் 1996 ஆர்பிட்ரேஷன் சட்டத்தின் 9-ஆம் பிரிவில் போக வேண்டும். அஸ்திவாரம் முழுக்க முடித்தும் எம் புக்கில் ஏறாததால் பாதிப் பணம்கூடப் பார்க்காத கட்சிக்காரர் எனக்கு இருந்தார். இன்றும் மனசு ஆறவில்லை.

சரி, பணம். ஒப்பந்தச் சட்டம் 74-ஆம் பிரிவின்படி, எழுதி வைத்த தொகை என்பது உச்சவரம்புதான், அதற்குள் நியாயமான இழப்பீடுதான் கிடைக்கும். ராணுவத்துக்கு உருளைக்கிழங்கும் கோழியும் முட்டையும் மீனும் தருவதாக ஒப்புக்கொண்டவரின் 18,500 ரூபாய் டெபாசிட்டை அரசு பறித்தபோது, நஷ்டத்தைக் காட்டவில்லை என்று 1969-ல் உச்ச நீதிமன்றம் திருப்பித் தரச் சொன்னது, அதுதான் மௌலா பக்ஷ் வழக்கு. கைலாஷ்நாத் வழக்கில் 2015-ல் டெல்லி வளர்ச்சி ஆணையம் அதே மனையை மறு ஏலத்தில் பல மடங்கு விலைக்கு விற்றிருந்தது. நஷ்டமே இல்லாதபோது 78 லட்சத்தை எப்படி வைத்துக்கொள்வது என்று கேட்டு நீதிமன்றம் திருப்பித் தர வைத்தது. ஆனால் எதிர்த்தரப்பு வக்கீல் 2003-ன் சா பைப்ஸ் தீர்ப்பை நிச்சயம் எடுப்பார். நஷ்டத்தைக் கணக்கிடுவது கடினமான இடத்தில், நியாயமாக முன்கூட்டியே மதிப்பிட்ட தொகையைத் தரலாம் என்கிறது அது, அதில் உதாரணமாகச் சொன்னதே சாலையும் பாலமும்தான். ஆகவே அந்த இருபது நாளை மறைக்காமல் ஒப்புக்கொண்டு, மீதித் தாமதம் யாருடையது என்பதில் நில்லுங்கள். தாமதம் யாரால் என்று தகராறு இருக்கும்போது துறையே கட்சியாகவும் நீதிபதியாகவும் உட்கார முடியாது, 1987-ல் கர்நாடக அரசுக்கு எதிரான ராமேஸ்வரா ரைஸ் மில்ஸ் வழக்கில் இது தீர்ந்த விஷயம். இந்தச் சண்டைக்குச் சாட்சி விசாரணை வேண்டும், ரிட்டில் முடியாது. ஆர்பிட்ரேஷன் இல்லையென்றால் சிவில் வழக்கு, அதற்கு முன் அரசுக்கு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆம் பிரிவு நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். பொதுவாகக் காலவரம்பு மூன்று வருடம்.

கருப்புப் பட்டியலுக்கு மட்டும் உடனே உயர் நீதிமன்றத்தில் ரிட் போடுங்கள், இங்கே உங்கள் கை ஓங்கியிருக்கிறது. வந்த நோட்டீஸை எடுத்துப் பாருங்கள், ரத்தைப் பற்றித்தான் கேட்டிருக்கிறது, கருப்புப் பட்டியல் என்ற வார்த்தையே அதில் இல்லை. அப்படிச் சேர்க்கப் போவதை நோட்டீஸிலேயே சொல்ல வேண்டும் என்று கூர்க்கா செக்யூரிட்டி வழக்கில் 2014-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. அடுத்த டெண்டர் படிவத்தில் ‘கருப்புப் பட்டியலில் உள்ளீர்களா’ என்ற கேள்வி வருவதற்குள் இதைச் செய்யுங்கள். தள்ளிப் போட்டால் ஊரில் இருக்கும் மற்ற வேலைகளும் கைவிட்டுப் போகும்.

இறுதிப் பில் தருகிறோம், ‘இனி எந்தக் கோரிக்கையும் இல்லை’ என்று எழுதிக் கொடுங்கள் என்பார்கள், பணமுடை இருந்தாலும் எழுதிக் கொடுக்காதீர்கள். மின்கம்பம் நிற்கிற படத்தை எடுத்த அந்த போனை விற்றுவிடவும் வேண்டாம், வழக்கில் அது தேவைப்படும்.