ஆயுதத்தில் துளை, துளையில் கல்: சாக்கெட் பற்றிய வாசகர் கேள்விகள்

ஆக்‌ஷன் ஆர்.பி.ஜி. கேம்களில் ஆயுதத்திலும் கவசத்திலும் வரும் சாக்கெட் (கல்லோ, ‘ரூன்’ எனும் மந்திரக் கல்லோ பதிக்கும் துளை) பற்றி வந்த கேள்விகளில் பலருக்கும் பயன்படக்கூடிய சிலவற்றுக்கு இங்கே பதில்.

கேள்வி: டயப்ளோ 2-இல் ‘ஸ்பிரிட்’ ரூன்வேர்டுக்கான நான்கு ரூன்களையும் ஒரு வாளில் பதித்தேன். வாளின் பெயர் மாறவே இல்லை. என்ன தவறு? ரூன்களைத் திரும்ப எடுக்க முடியுமா?

ரூன்வேர்ட் என்பது குறிப்பிட்ட ரூன்கள் சேர்ந்து பொருளுக்குப் புதிய பெயரும் பலனும் தரும் சேர்க்கை. அது அமைய நான்கு நிபந்தனைகள் உண்டு. ஒன்று தவறினாலும் கேம் எந்த எச்சரிக்கையும் தராமல் ரூன்களை விழுங்கிவிடும்.

முதலில் பெயரின் நிறத்தைப் பாருங்கள். சாக்கெட் உள்ள சாதாரணப் பொருளின் பெயர் சாம்பல் நிறத்தில் இருக்கும். அதில் மட்டுமே ரூன்வேர்ட் அமையும். ‘சுப்பீரியர்’ என்று இருந்தால் பரவாயில்லை, அதுவும் சாம்பல்தான். நீலம் என்றால் மேஜிக் பொருள். நான்கு சாக்கெட் இருந்தாலும் பயனில்லை. மஞ்சள் (ரேர்), பச்சை (செட்), பொன்னிற (யூனிக்) பெயர்களுக்கும் இதே கதிதான். புதிதாக ஆடுகிறவர்கள் அதிகம் ஏமாறுவது இந்த நீல வாளில்தான்.

இரண்டாவது, எண்ணிக்கை துல்லியமாக இருக்க வேண்டும். ஸ்பிரிட்டுக்கு நான்கு ரூன்கள் என்றால் வாளில் சரியாக நான்கு சாக்கெட். ஐந்து சாக்கெட் வாளில் நான்கைப் போட்டுவிட்டு ஒன்றைக் காலியாக விட்டால் அமையாது. மூன்றாவது, வரிசை: தால், தூல், ஓர்ட், ஆம்ன். இடம் மாறினால் நான்கும் தனித்தனி ரூன்களாகவே வேலை செய்யும். நான்காவது, பொருளின் வகை. ஸ்பிரிட் வாளிலும் கேடயத்திலும் மட்டுமே அமையும். கோடரியிலோ கதாயுதத்திலோ அமையாது. கேடயத்தில் செய்ய நினைத்தால் நான்கு சாக்கெட் தாங்கும் ரகம் வேண்டும். மோனார்க் அப்படிப்பட்டது, ஆனால் அதைப் பிடிக்க 156 ஸ்ட்ரெங்த் தேவை என்பதை முன்பே கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

பதித்த ரூன்களைத் திரும்ப எடுக்க வழியில்லை. சாக்கெட்டை மட்டும் காலி செய்யலாம்: ஹொராட்ரிக் கியூபில் (பொருள்களைச் சேர்த்து மாற்றும் பெட்டி) ஒரு ஹெல் ரூன், ஒரு டவுன் போர்ட்டல் ஸ்க்ரோல், அந்த வாள் மூன்றையும் வைத்து மாற்றுங்கள். உள்ளே இருந்தவை அழிந்து, துளைகள் அப்படியே இருக்கும். வரிசை மாறியதுதான் தவறு என்றால் இப்படிக் காலி செய்வதில் அர்த்தம் உண்டு. நீல வாள் என்றால் ஹெல் ரூனை வீணாக்காதீர்கள்.

புதிய ரூன்களுக்குக் கவுண்டஸ் என்ற அரக்கியைத் தேடிப் போங்கள். நார்மலில் (முதல் கடினநிலை) அவளுக்கென்று உள்ள ரூன் டிராப் ரால் வரைதான். அதற்கு மேலே கியூபில் ஏற்றிக்கொள்ளலாம்: மூன்று ரால் ஒரு ஓர்ட், மூன்று ஓர்ட் ஒரு தூல், மூன்று தூலோடு ஒரு சிப்டு டோபாஸ் சேர்த்தால் ஒரு ஆம்ன். இப்படியே முழு ஸ்பிரிட்டையும் எட்ட 39 ரால், ஒரு தால் தேவைப்படும். கணக்கைப் பார்த்தாலே தெரியும், அது வீண் உழைப்பு. அடுத்த கடினநிலையான நைட்மேருக்குப் போய்விடுங்கள், அங்கே இந்த நான்கு ரூன்களுமே அவளிடம் நேராக விழும்.

கேள்வி: டயப்ளோ 2-இல் சாக்கெட் இல்லாத நல்ல வெள்ளை (சாதாரண) பொருள் கிடைத்தால் கொல்லர் லார்சுக்கிடம் கொடுப்பதா, கியூபில் துளை போடுவதா?

இதற்குப் பதில், உங்களுக்கு எத்தனை சாக்கெட் வேண்டும் என்பதில் இருக்கிறது. ‘அதிகம் என்றால் நல்லது’ என்ற எண்ணம் இங்கே செல்லாது.

ஐந்தாம் ஆக்டில் ஷெங்க்கைக் கொன்று குவெஸ்ட்டை முடித்தால் லார்சுக் ஒரு பொருளில் சாக்கெட் போட்டுத் தருவார். ஒரு கேரக்டருக்கு ஒவ்வொரு டிஃபிகல்ட்டியிலும் ஒருமுறை, மொத்தம் மூன்று வாய்ப்பு. வெள்ளைப் பொருளுக்கு அது தாங்கும் உச்ச எண்ணிக்கையை அவர் போடுவார். மேஜிக் பொருளுக்கு ஒன்று அல்லது இரண்டு. ரேர், செட், யூனிக் மூன்றுக்கும் ஒன்றே ஒன்று.

அந்த ‘உச்ச எண்ணிக்கை’யைத் தீர்மானிப்பவை இரண்டு: பொருளின் ரகம், அதன் ஐட்டம் லெவல். ஐட்டம் லெவல் என்பது அதைப் போட்ட அரக்கனின் லெவல். 1–25, 26–40, 41 முதல் மேலே என மூன்று படிகள். கிரிஸ்டல் சோர்டை எடுத்துக்கொள்ளுங்கள். 26–40 படியில் விழுந்தால் அதன் உச்சம் 4. 41 அல்லது அதற்கு மேல் என்றால் 6. ஸ்பிரிட் வாளுக்கு நமக்கு வேண்டியது 4. எனவே நார்மல் பசுமாட்டு லெவலில் (மாடுகள் நிறைந்த ரகசியப் பகுதி) விழும் கிரிஸ்டல் சோர்டை எடுத்து லார்சுக்கிடம் கொடுங்கள். அங்குள்ள மாடுகளின் லெவல் 28. சாம்பியன், யூனிக் மாடுகளுக்குச் சற்றுக் கூடினாலும் 40-ஐத் தாண்டாது. நிச்சயம் நான்கு வரும். மூன்றாவது கடினநிலையான ஹெல்லில் பொறுக்கிய அதே வாளைக் கொடுத்தால் ஆறு வரும்; ஸ்பிரிட் கனவு அங்கேயே முடிந்தது.

கியூபில் துளை போடும் சேர்க்கைகள்: கவசத்துக்குத் தால், தூல், பெர்ஃபெக்ட் டோபாஸ். ஆயுதத்துக்கு ரால், ஆம்ன், பெர்ஃபெக்ட் அமெதிஸ்ட். தலைக்கவசத்துக்கு ரால், தூல், பெர்ஃபெக்ட் சஃபையர். கேடயத்துக்குத் தால், ஆம்ன், பெர்ஃபெக்ட் ரூபி. பொருள் சாதாரண வெள்ளையாக, சாக்கெட் இல்லாததாக இருக்க வேண்டும். சுப்பீரியரைக் கியூப் ஏற்காது. அதற்கு லார்சுக் ஒருவர்தான் வழி.

உள்ளே நடப்பது பகடை உருட்டல். 1 முதல் 6 வரை ஓர் எண் விழும். அது பொருளின் உச்சத்தைத் தாண்டினால் உச்சத்துக்கே குறைக்கப்படும். ஆகவே உச்சம் 4 உள்ள பொருளில் 4, 5, 6 மூன்றுமே நான்கு சாக்கெட் தரும்: பாதிக்குப் பாதி வாய்ப்பு. அதே பொருளில் மூன்று சாக்கெட் வேண்டுமென்றால் ஆறில் ஒன்றுதான். ‘எனிக்மா’ என்ற ரூன்வேர்டுக்கு மூன்று சாக்கெட் கவசம் தேடுகிறவர்கள் இங்கேதான் சறுக்குகிறார்கள். ஆர்க்கன் பிளேட்டின் உச்சம் 4. லார்சுக்கிடம் கொடுத்தால் எனிக்மாவுக்கு உதவாது. மேஜ் பிளேட்டின் உச்சம் 3. கியூபிலேயே ஆறில் நான்கு வாய்ப்பு. ஒருமுறை துளை விழுந்தால் அழித்துவிட்டு மறுபடி போட முடியாது என்பதால், உச்சம் உங்கள் தேவைக்குச் சமமாக இருக்கும் ரகத்தையே தேடுங்கள்.

கேள்வி: நல்ல கல் கிடைக்கும் வரை சாக்கெட்டைக் காலியாக வைத்திருக்கிறேன். இது சரியா?

பெரும்பாலும் தவறு. போட்டதைத் திரும்ப எடுக்க முடியுமா, எடுத்தால் எது அழியும் என்பதை மட்டும் முதலில் தெரிந்துகொள்ளுங்கள். அது கேமுக்குக் கேம் மாறும்.

டயப்ளோ 3-இல் நகைக்காரரிடம் கொஞ்சம் கோல்டு கொடுத்தால் கல் சேதமில்லாமல் கைக்கு வரும். அங்கே சாக்கெட்டைக் காலியாக விட எந்தக் காரணமும் இல்லை. பாத் ஆஃப் எக்ஸைலின் முதல் பாகத்தில் செலவே கிடையாது, கையால் எடுத்துக்கொள்ளலாம். டைட்டன் குவெஸ்ட்டில் பிரிக்கலாம். ஆனால் ரெலிக் (அங்கே பொருளில் பதிப்பது), பொருள் இரண்டில் ஒன்றுதான் மிஞ்சும், எது வேண்டும் என்று நீங்கள் தேர்ந்தெடுக்க வேண்டும். டயப்ளோ 2-இல் போட்டது போட்டதுதான்.

டயப்ளோ 2-இலும் சிப்டு, ஃப்ளாடு ஆகிய கீழ்த்தரக் கற்களைத் தயங்காமல் போடுங்கள். நார்மலில் கையில் இருக்கும் கவசம் எப்படியும் சில மணி நேரத்தில் மாறப்போகிறது. பெர்ஃபெக்ட் தரக் கற்களையும் உயர் ரூன்களையும் மட்டும் நீண்ட நாள் வைத்திருக்கப்போகும் பொருளுக்காகச் சேமியுங்கள். ஒரே கல் இடத்துக்கு இடம் வேறு பலன் தரும் என்பதையும் பாருங்கள். பெர்ஃபெக்ட் ரூபி கவசத்தில் 38 லைஃப் தரும், ஆயுதத்தில் நெருப்பு டேமேஜ், கேடயத்தில் நெருப்புத் தடுப்பு. பெர்ஃபெக்ட் டோபாஸ் ஒன்றுக்குக் கவசத்தில் 24% மேஜிக் ஃபைண்ட் (நல்ல பொருள் விழும் வாய்ப்பின் உயர்வு). நான்கு சாக்கெட் கவசத்தில் நான்கைப் போட்டால் 96%. பொருள் வேட்டைக்கு மலிவான, மிக நல்ல கவசம் அது.

கேள்வி: டயப்ளோ 3-இல் ஆயுத சாக்கெட்டுக்கு எமரால்டுதான் என்று எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கு டேமேஜ் பெரிதாக ஏறவில்லையே?

உங்கள் கிரிட்டிகல் சான்ஸ் (அடி கூடுதல் பலத்துடன் ‘கிரிட்’ ஆக விழும் வாய்ப்பு) குறைவாக இருக்கும். உச்ச தர எமரால்டு ஆயுதத்தில் 130% கிரிட்டிகல் டேமேஜ் தரும். ஆனால் அடி கிரிட் ஆனால்தான் அந்த எண்ணுக்கு உயிர்.

கணக்குப் போடுவோம். இப்போது உங்களுக்கு 200% கிரிட் டேமேஜ் இருப்பதாகக் கொள்வோம். கிரிட் சான்ஸ் 50% என்றால் சராசரி அடி 1 + 0.5 × 2 = 2.0. எமரால்டு போட்டால் 1 + 0.5 × 3.3 = 2.65. உயர்வு 32.5%. கிரிட் சான்ஸ் 10% மட்டுமே என்றால் 1.2 என்பது 1.33 ஆகும், உயர்வு 11 சதவீதத்துக்கும் குறைவு. கல்லை மாற்றுவதற்கு முன் கையுறை, மோதிரம், அமுலெட் மூன்றிலும் கிரிட் சான்ஸ் ஏற்றிக்கொள்ளுங்கள்.

சாக்கெட்டே இல்லாத ஆயுதம் என்றால் பொருளின் பண்பை மாற்றித் தரும் மிஸ்டிக்கிடம் போய் ஒரு பண்பைத் தியாகம் செய்து சாக்கெட் வாங்குவதைவிட, ராமலாட்னியின் பரிசு கிடைத்தால் அதைப் பயன்படுத்துங்கள். அது எதையும் இழக்காமல் சாக்கெட்டைக் கூடுதலாகச் சேர்க்கும்.

கேள்வி: பாத் ஆஃப் எக்ஸைலில் ஆறு லிங்க் கவசம் செய்ய ஆர்ப்களை எந்த வரிசையில் பயன்படுத்த வேண்டும்?

முதல் பாகத்தைக் கேட்கிறீர்கள் என்று கொள்கிறோம். லிங்க் என்பது சாக்கெட்டுகளை இணைக்கும் கோடு; ஆர்ப் என்பது பொருளை மாற்றப் பயன்படும் நாணயம். தொடங்கும் முன் கவசத்தின் ஐட்டம் லெவலைப் பாருங்கள். 50-க்குக் குறைந்தால் ஆறாவது சாக்கெட் வரவே வராது. எத்தனை ஆர்ப் போட்டாலும் வீண். கரப்டட் (இனி மாற்ற முடியாதபடி பூட்டப்பட்டது) ஆகியிருந்தாலும் சாதாரண ஆர்ப்கள் அதில் செல்லாது.

பிறகு குவாலிட்டியை 20% ஆக்குங்கள். கவசத்துக்கு ஆர்மரர்ஸ் ஸ்கிராப். பொருள் வெள்ளையாக இருக்கும்போதே செய்தால் ஒன்றுக்கு 5% ஏறும், நான்கில் முடியும். ரேர் ஆனபின் ஒன்றுக்கு 1% தான். குவாலிட்டி கூடினால் அதிக சாக்கெட்டும் அதிக லிங்க்கும் கிடைக்கும் வாய்ப்பு உயரும். அடுத்து ஜுவல்லர்ஸ் ஆர்ப், சாக்கெட் எண்ணிக்கைக்கு. அடுத்து ஆர்ப் ஆஃப் ஃப்யூசிங், லிங்க்குக்கு. கடைசியாகக் குரோமாட்டிக் ஆர்ப், நிறத்துக்கு. நிறம் மாற்றுவது எண்ணிக்கையையோ லிங்க்கையோ தொடாது என்பதால் அது கடைசி. ஆறு லிங்க் வந்தபின் ஜுவல்லர்ஸ் ஆர்ப் தவறிப் பட்டுச் சாக்கெட் குறைந்தால் உழைப்பு மொத்தமும் போய்விடும்.

கிராஃப்டிங் பெஞ்சில் இதற்கான செய்முறையைத் திறந்திருந்தால் 1,500 ஃப்யூசிங் கொடுத்து ஆறு லிங்க்கை உறுதியாக வாங்கலாம். ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தால் முன்பே விழலாம், 1,500 தாண்டியும் விழாமல் போகலாம். சேர்த்து வைத்த ஃப்யூசிங் மொத்தத்தையும் பாதியிலேயே கரைத்துவிட்டுக் கையில் எதுவும் இல்லாமல் நிற்பதுதான் மோசமான முடிவு. பொறுத்திருந்து பெஞ்சில் செய்யுங்கள்.

மேலே சொன்ன வரிசைக்கு ஒரு விதிவிலக்கு உண்டு. சாக்கெட்டின் நிறம் பொருள் கேட்கும் பண்பைச் சார்ந்தது: ஸ்ட்ரெங்த் கேட்டால் சிவப்பு, டெக்ஸ்டெரிட்டி கேட்டால் பச்சை, இண்டெலிஜென்ஸ் கேட்டால் நீலம் அதிகம் வரும். இண்டெலிஜென்ஸ் கவசத்தில் ஐந்து சிவப்பு வேண்டுமென்றால் குரோமாட்டிக் ஆர்ப் கரைந்துகொண்டே போகும். அப்போது லிங்க்குக்கு முன்பே நிறத்தை முடியுங்கள். பெஞ்சில் ‘குறைந்தது மூன்று சிவப்பு’ போன்ற செய்முறையால் மூன்றைப் பிடியுங்கள். பிறகு பெஞ்சிலேயே சாக்கெட்டை 4 ஆக்குங்கள். பழைய மூன்றின் நிறம் மாறாது. புதியதுக்கு மட்டும் நிறம் விழும். பிடிக்காத நிறம் என்றால் 3-க்கு இறக்கி, மறுபடி 4. சிவப்பு வந்ததும் 5-க்கு ஏறுங்கள். மெதுவான வேலைதான். ஆனாலும் பொருந்தாத நிறங்களுக்கு இதைவிடக் கட்டுப்பாடான வழி இல்லை.

கேள்வி: அதே கேமில் சப்போர்ட் ஜெம் (ஸ்கில்லின் பலனை மாற்றும் கல்) பதித்தும் ஸ்கில்லில் மாற்றமே இல்லை. ஏன்?

இரண்டுக்கும் நடுவே லிங்க் கோடு இருக்கிறதா என்று பாருங்கள். பக்கத்துச் சாக்கெட்டில் இருப்பது போதாது. ஒரே சங்கிலியில் இருக்க வேண்டும். சங்கிலியில் இருந்தால் பக்கத்தில் இல்லாவிட்டாலும் வேலை செய்யும். அதுவும் சரி என்றால் டேகை (ஸ்கில்லின் வகையைச் சொல்லும் குறிச்சொல்) பாருங்கள்: புரொஜெக்டைல் (எய்யும் அல்லது எறியும் தாக்குதல்) சப்போர்ட், புரொஜெக்டைல் இல்லாத ஸ்கில்லை ஒன்றும் செய்யாது.

கேள்வி: பாத் ஆஃப் எக்ஸைல் 2-இல் ஆறு சாக்கெட் கவசமே காணோமே?

அங்கே அமைப்பே வேறு. சப்போர்ட்டுக்கான சாக்கெட் ஸ்கில் ஜெம்முக்குள்ளேயே இருக்கிறது. கவசம் மாற்றினால் ஸ்கில் கலைவதில்லை. லெஸர் ஜுவல்லர்ஸ் ஆர்ப் அதை மூன்றாக்கும், கிரேட்டர் நான்காக்கும், பெர்ஃபெக்ட் ஐந்தாக்கும். கவசத்தில் வரும் சாக்கெட் ரூன்களுக்கு. ஆர்ட்டிஃபிசர்ஸ் ஆர்ப் கொண்டு துளை சேர்க்கிறோம். பதித்த ரூனை எடுக்க முடியாது. அதன்மேல் வேறொன்றை வைத்தால் பழையது அழியும். லெவல் ஏறும் காலத்தில் குறைந்த தடுப்பை, உதாரணமாக நெருப்புத் தடுப்பு பின்தங்கியிருந்தால் அதை, ரூனால் நிரப்புவதே இதன் சிறந்த பயன்.

கேள்வி: டயப்ளோ 4-இன் ரூன்வேர்டும் பழையபடி வரிசைப்படிதான் போட வேண்டுமா?

பெயர் மட்டுமே பழையது. 2024-இல் ‘வெஸல் ஆஃப் ஹேட்ரட்’டோடு வந்த இந்த முறையில் நீங்களே இரண்டு ரூன்களை இணைக்கிறீர்கள்: ஒரு ரிச்சுவல், ஒரு இன்வொகேஷன். ரிச்சுவல் ரூனில் சொன்ன செயலைச் செய்தால் ‘ஆஃபரிங்’ சேரும். போதிய அளவு சேர்ந்ததும் இன்வொகேஷன் ரூனின் பலன் தானாக வெளிப்படும். இரண்டு சாக்கெட் உள்ள பொருள் தேவை, ஒரே நேரத்தில் இரண்டு ரூன்வேர்ட் வரை அணியலாம்.

இணைக்கும்போது பலனின் கவர்ச்சியைப் பார்ப்பதற்கு முன் இரண்டு எண்களைப் பாருங்கள்: ரிச்சுவல் ஒருமுறைக்கு எவ்வளவு ஆஃபரிங் தருகிறது, இன்வொகேஷன் எவ்வளவு கேட்கிறது. 50 தரும் ரூனோடு 400 கேட்கும் ரூனைச் சேர்த்தால் எட்டு முறை அந்தச் செயலைச் செய்ய வேண்டும். உங்கள் பில்ட் (ஸ்கில், பொருள்களின் சேர்க்கை) அதை எப்படியும் இடைவிடாமல் செய்கிறது என்றால் நல்லது. அதற்காகவே நீங்கள் நின்று, ஓடி, வழக்கமான அடியை விட்டுவிட வேண்டியிருந்தால் அந்த ஜோடி உங்களுக்கு ஏற்றதல்ல. அந்த இரண்டு சாக்கெட்டிலும் சாதாரணக் கற்களைப் போட்டாலே அதிகம் கிடைக்கும்.