அட்வான்ஸ் கொடுத்த கம்பெனியே என் கதையை வேறு இயக்குநரை வைத்து எடுக்கிறது

கேள்வி: எட்டு வருடமாக உதவி இயக்குநராக இருக்கிறேன். செங்கல் சூளையில் முன்பணக் கடனில் சிக்கிய ஒரு குடும்பத்தைப் பற்றித் திரைக்கதை எழுதினேன். மூன்று வருடத்துக்கு முன் ஒரு தயாரிப்பாளர் கதை கேட்டு, 50,000 ரூபாய் அட்வான்ஸ் கொடுத்து, ஒரு பக்க ஒப்பந்தத்தில் கையெழுத்து வாங்கினார். படம் தொடங்கவே இல்லை. இப்போது அதே கம்பெனி வேறு இயக்குநரை வைத்துச் சூளைக் கதை ஒன்றை எடுக்கிறது. டீசரில் என் காட்சி வருகிறது. வழக்குப் போடலாமா?

பதில்: போடலாம். ஆனால் "சூளைக் கொத்தடிமை கதை என்னுடையது" என்று போகாதீர்கள், நிற்காது. கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டமே 1976-ல் வந்துவிட்டது. ஊரறிந்த கொடுமையை யார் வேண்டுமானாலும் படமாக்கலாம். சமூகக் கதை எழுதுகிறவர்கள் பலர் தோற்பது இந்த இடத்தில்தான். ஆர்.ஜி. ஆனந்த் என்ற நாடக ஆசிரியர், தன் நாடகத்தைப் படமாக்கிவிட்டார்கள் என்று உச்ச நீதிமன்றம் வரை போனார். கரு ஒன்றாக இருந்தாலும் சொன்ன விதம் வேறு என்று 1978-ல் தீர்ப்பு அவருக்கு எதிராக வந்தது. இரண்டையும் பார்க்கிறவருக்கு "இது அதன் நகல்தான்" என்று சந்தேகமில்லாமல் தோன்ற வேண்டும், அதுதான் அளவுகோல்.

அதனால் நீங்கள் அனுப்பிய பக்கங்களில் என்னைப் பிடித்து நிறுத்தியது வேறு. அறுத்த கல்லின் கணக்கை அம்மா சுவரில் கரிக்கோடாகப் போடுகிறாள். கடன் சீக்கிரம் தீரட்டும் என்று மகள் ராத்திரியில் எழுந்து, ரகசியமாக இன்னும் நாலு கோடு சேர்க்கிறாள். இது சூளையில் கிடைத்த செய்தி இல்லை, நீங்கள் உண்டாக்கியது. டீசரிலும் கரிக்கோடு, அதே மகள். இப்படி எத்தனை காட்சிகள், எந்த வரிசையில் ஒத்துப்போகின்றன என்று பக்க எண்ணோடு எழுதி வையுங்கள். உங்கள் வழக்கின் பலம் அதில்தான் இருக்கிறது.

அடுத்து அந்த ஒரு பக்கத் தாள். உரிமையை எழுதிக் கொடுத்துவிட்டோமே என்று பயந்திருக்கிறீர்கள். பதிப்புரிமைச் சட்டம் 19(4) பிரிவைப் பாருங்கள்: வாங்கியவர் ஒரு வருடத்துக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தாவிட்டால், ஒப்பந்தத்தில் வேறுவிதமாகச் சொல்லியிருந்தால் ஒழிய, அது காலாவதியாகிவிடும். நீங்கள் அனுப்பிய நகலில் காலக்கெடு பற்றி ஒரு வார்த்தை இல்லை. அந்த வருடத்துக்குள் எந்த வேலையும் நடக்கவில்லை என்றால், உரிமை உங்களிடமே திரும்பிவிட்டது என்று வலுவாக வாதாடலாம். ஒருவேளை உரிமை இன்னும் அவர்களிடம்தான் என்று முடிவானாலும், கதை எழுதியவர் நீங்கள்தான் என்று சொல்லிக்கொள்ளும் உரிமையை 57-வது பிரிவு உங்களிடமே விட்டுவைத்திருக்கிறது. முதல் படத்துக்குக் காத்திருக்கும் உங்களுக்கு, டைட்டிலில் பெயர் வருவது நஷ்டஈட்டைவிடப் பெரிது என்று நான் நினைக்கிறேன்.

பதிப்புரிமைக்குப் பதிவு கட்டாயம் இல்லை. எழுத்தாளர் சங்கத்தில் பதிந்த ரசீது இருந்தால் தேதியை நிரூபிக்க உதவும். இல்லையென்றால், தயாரிப்பாளருக்கு ஸ்கிரிப்ட் அனுப்பிய மின்னஞ்சலும் வாட்ஸ்அப்பும் போதிய சாட்சி. போனை மாற்றாதீர்கள், எதையும் அழிக்காதீர்கள். தயாரிப்பாளரைக் கூப்பிட்டுச் சண்டையும் போடாதீர்கள்.

இந்த வாரமே வக்கீல் நோட்டீஸ் போகட்டும். வெள்ளிக்கிழமை ரிலீஸை வைத்துக்கொண்டு வியாழக்கிழமை தடை கேட்டால், "இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள்?" என்றுதான் நீதிபதி முதலில் கேட்பார். ஒப்பந்தத்தின் அசலையும் அட்வான்ஸ் வரவான வங்கிக் கணக்கு நகலையும் எடுத்துக்கொண்டு வக்கீலைப் பாருங்கள்.