அடகுக் கடைக்குப் போனவள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பஸ்டர் கீட்டன் நடித்து இயக்கிய 'ஷெர்லாக் ஜூனியர்' மௌனப் படத்தை என் மகளோடு பார்த்தேன். விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்குத்தான் ஒரு உறுத்தல். இரண்டு ஆண்கள் போட்டி போட, அந்தப் பெண் சும்மா காத்திருக்கிறாள். மௌனப் பட காமெடிகள் எல்லாமே இப்படித்தானா? அடுத்து எதைக் காட்டலாம்? எந்தப் பின்னணி இசையோடு பார்ப்பது நல்லது?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

1924இல் வந்த படத்துக்கு இன்றைக்கு ஒரு குழந்தை சிரிக்கிறது என்று படித்ததும் மனசு நிறைந்துவிட்டது. அவளுக்கு என் அன்பு. இசை எதுவானாலும் சரி, அதை விடுங்கள்.

ஆனால் 'சும்மா காத்திருக்கிறாள்' என்று எப்படி உங்களுக்கு எழுத மனம் வந்தது? திருடியவன் அந்தப் போட்டிக்காரன். பெண்ணின் அப்பாவுடைய கடிகாரத்தை 4 டாலருக்கு அடகு வைத்து, சீட்டை நம்ம ஆள் கீட்டனின் பாக்கெட்டில் செருகிவிடுகிறான். நம்ம ஆளை வீட்டைவிட்டுத் துரத்துகிறார்கள். அவன், தான் படம் ஓட்டும் தியேட்டரில் புரொஜக்டர் பக்கத்தில் தூங்கிப்போய், தான் பெரிய துப்பறிவாளன் என்று கனவு காண்கிறான். நிஜத்தில் துப்பறிந்தது யார்? கேத்ரின் மெக்குவயர் நடித்த அந்தப் பெண்தானே! நேரே அடகுக் கடைக்குப் போய், வைத்தவன் எப்படி இருந்தான் என்று கேட்கிறாள். சின்னக் காட்சிதான், பைக் துரத்தலுக்கும் கேமரா வித்தைக்கும் நடுவே காணாமல் போய்விடுகிறது. பல வருஷம் முன்பு ஒரு திரைப்படச் சங்கத்தில் இதைப் போட்டபோதும், பேசியவர்கள் எல்லோரும் கனவில் அவன் எப்படிச் சினிமாத் திரைக்குள் நுழைந்தான் என்பதையே பேசினார்கள், அவளைப் பற்றி ஒருத்தர்கூட வாய் திறக்கவில்லை, அந்தக் கோபம் எனக்கு இன்னும் போகவில்லை.

இத்தனைக்கும் நம்ம ஆளும் யோக்கியன் இல்லை, ஒரு டாலர் சாக்லேட் டப்பாவில் விலையை 4 என்று திருத்தித்தான் அவளிடம் கொடுக்கிறான். அவள் டப்பாவின் விலையை வைத்து ஆளை எடைபோடவில்லை, அப்பா சொன்னதோடும் நிற்கவில்லை. விசாரித்தாள். விசாரித்துவிட்டு அவன் இருக்கிற இடத்துக்குத் தானே வந்தாள். அவனுக்கோ கையைப் பிடிப்பதற்குக்கூடத் திரையில் ஓடும் ஜோடியைப் பார்த்துக் காப்பியடிக்க வேண்டியிருக்கிறது. இதில் தேர்ந்தெடுத்தது யார், சொல்லுங்கள்!

அடுத்து 'செவன் சான்சஸ்' (1925) காட்டுங்கள். சொத்துக்காக அவசரக் கல்யாணம் தேடுகிறவன், யாராவது ஒரு பெண் வேண்டும் என்கிற மாதிரி கேட்டுவிட, அவனை விரும்புகிறவளே மறுத்துவிடுகிறாள். அப்புறம், அதில் கறுப்பின மக்களைக் கேலி செய்யும் இடங்கள் உண்டு. அங்கே படத்தை நிறுத்தி, இது தப்பு என்று மகளிடம் சொல்லிவிட்டு மேலே ஓட்டுங்கள்.