பள்ளி, வீடு பற்றிச் சிரிப்பான குழந்தைப் பாட்டும் கதையும் எழுதுவது எப்படி?

நகைச்சுவையைத் தேடி எங்கேயும் போக வேண்டாம், மாம்பழ சீசனில் கிருஷ்ணகிரிப் பக்கம் எந்த வீட்டிலும் நடக்கிறதை எடுத்துக்கொள்ளுங்கள்.

மாம்பழம் தின்றது யாரு?
மாமா கேட்டார் பாரு;
நானில்லை என்றான் தம்பி,
சட்டையெல்லாம் சாறு!

தம்பி பொய் சொன்னான் என்று பாட்டு சொல்லவே இல்லை, சட்டை சொல்லிவிடுகிறது, அதைக் குழந்தை தானாகக் கண்டுபிடிக்கும்போதுதான் சிரிப்பு வரும். முதல் இரண்டு வரியில் 'மா', 'மா' என்று ஒரே எழுத்தில் தொடங்கும் மோனை, வரி முடிவில் யாரு, பாரு, சாறு என்று ஒரே ஓசையில் முடியும் இயைபு. சின்னப் பிள்ளைக்கும் சட்டென்று மனப்பாடம் ஆகிவிடும்.

கதை என்றால் பிள்ளையின் நியாயத்தை விடாமல் பிடியுங்கள். 'நாளை எனக்குக் காய்ச்சல் வரும், விடுப்பு வேண்டும்' என்று லீவ் லெட்டர் எழுதுகிறவன் ஏமாற்றவில்லை, முன்கூட்டியே சொல்கிறான், அவ்வளவுதான்!

அப்புறம், குண்டு, திக்குவாய் என்று கேலி மட்டும் வேண்டாம். வாசிக்கிற வகுப்பில் அப்படி ஒரு பிள்ளையும் உட்கார்ந்திருக்கும்.