மாலை போட்ட போட்டோவுக்குச் சம்பளம் கிடையாது

"தருமபுரிக்காரன், வயது 27, தனியார் வேலை. ஹீரோ ஆசையெல்லாம் இல்லை. சீரியல், பேய்ப் படம் மாதிரியானவற்றில் துணை நடிகராக வந்தால் குடும்பம் நடத்த முடியுமா?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

முடியும். 2003 முதல் 2020 வரை நான் நடத்தினேன். இரண்டு பிள்ளைகளைப் படிக்கவைத்தேன், பாப்பாரப்பட்டி பக்கம் இருக்கிற அரை ஏக்கர் நிலத்தின் மேல் இருந்த கடனை அடைத்தேன். இதைப் படித்ததும் "பெருசா யாரும் கேள்விப்படலையே, எந்தப் படத்துல வந்தீங்க?" என்று கேட்க நாலு பேர் வருவார்கள். அவர்களுக்கு முன்னாலேயே சொல்லிவிடுகிறேன். ஹீரோ வாய்ப்புத் தேடி, கிடைக்காமல் இந்தப் பக்கம் ஒதுங்கியவன் இல்லை நான். ஆரம்பத்திலிருந்தே இந்த வேலைக்குத்தான் போனேன். கொத்தனாரைப் பார்த்து ஏன் இன்ஜினியர் ஆகலைன்னு யாரும் கேட்பதில்லை.

நீங்கள் இன்னும் வீட்டில் சொல்லியிருக்க மாட்டீர்கள் என்று நினைக்கிறேன். ஓசூரில் ஷிஃப்ட் வேலை இருக்கும், போனில் ரெண்டு ரீல்ஸ் போட்டிருப்பீர்கள், நண்பர்கள் "மச்சான் நடிப்பு பின்ற"ன்னு ஏற்றிவிட்டிருப்பார்கள். 2025இல் எம்.எஸ். பாஸ்கருக்கு 'பார்க்கிங்' படத்துக்காகத் தேசிய விருது அறிவித்ததையும் பார்த்திருப்பீர்கள். அதைப் பார்த்துக் கிளம்பாதீர்கள். டப்பிங், சீரியல், ஒரு சீன் காமெடி என்று அவர் எத்தனை வருடம் உழைத்தார் என்பதைப் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள். டெல்லி கணேஷ் விமானப் படையில் வேலை பார்த்துவிட்டு, நாடகத்தில் நடித்து, அதற்கப்புறம்தான் சினிமாவுக்குள் வந்தார். அப்புறம் சாகும்வரை அப்பா, மாமனார், வக்கீல் என்று விடாமல் நடித்தார். 'கைதி'யில் அந்த கான்ஸ்டபிளாக வந்த ஜார்ஜ் மரியானை 2019இல்தான் புதிதாகப் பார்த்த மாதிரி ஊரே பேசியது. அதற்கு முன்னால் எத்தனை படத்தில் வந்து போனார் என்று யார் கணக்கு வைத்தார்கள்?

என் அப்பா எங்கள் பக்கத்தில் பாரதக் கூத்து ஆடியவர். பெரிய வேஷமெல்லாம் இல்லை, கட்டியக்காரன். அர்ச்சுனன் வேஷக்காரர் ஆடி முடித்ததும் திரைக்குப் பின்னால் போய் டீ குடிப்பார். கட்டியக்காரன் விடிய விடிய மேடையிலேயே நிற்பான். ஒவ்வொரு வேஷத்தையும் அறிமுகப்படுத்த வேண்டும், கேள்வி கேட்டுக் கதையை நகர்த்த வேண்டும், தூங்குகிற சனத்தைச் சிரிக்கவைத்து எழுப்ப வேண்டும். இதைப் பார்த்து வளர்ந்த எனக்குத் துணை வேஷம் என்பது ஒருநாளும் கேவலமாகத் தெரிந்ததில்லை.

கூத்துப் பழக்கம் சென்னையில் பாதி உதவியது, பாதி கெடுத்தது. முதல் சீரியலில் நான் வாயைத் திறந்ததும் டைரக்டர், "சார், மைக் இருக்கு, கத்தாதீங்க" என்றார். சீரியலில் வசனத்தை மனப்பாடம் பண்ண நேரம் இருக்காது. அசிஸ்டன்ட் டைரக்டர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வரி வரியாகப் படிப்பார், அதைக் காதில் வாங்கிச் சொல்ல வேண்டும், அதே நேரம் முகத்தில் அழுகை வர வேண்டும். இது சுலபம் என்று நினைப்பவர்கள் வீட்டில் ஒருமுறை முயன்று பாருங்கள். துணி நம்முடையது. வேட்டி, கதர்ச் சட்டை, டாக்டருக்கு ஒரு பேன்ட், வக்கீலுக்கு ஒரு கோட் என்று ஒரு பையை 17 வருடம் சுமந்தேன். ஒரே சீனை மூன்று நாள் எடுத்தால் மூன்று நாளும் அதே சட்டை.

காசைப் பற்றிக் கேட்டீர்கள். ஆரம்பத்தில் ஒரு நாளைக்கு 800 ரூபாய் வாங்கினேன், கடைசியில் 4,000 வரை வந்தது. வேஷம் பிடித்துத் தருகிற மேனேஜருக்குப் பத்து சதவீதம். ஒரு மாதம் 14 நாள் வேலை வரும், அடுத்த மாதம் இரண்டே நாள். செக் கைக்கு வர மூன்று மாதம். மாத சம்பளக் கணக்குப் போட்டால் பைத்தியம் பிடிக்கும். மாங்காய் சீசன் மாதிரி வருடத்துக்கு ஒரே கணக்காகப் போட வேண்டும்.

பேய்ப் படங்கள் நடுவில் வந்தன. 2011இல் 'காஞ்சனா', 2014இல் 'அரண்மனை' எல்லாம் ஓடின பிறகு சின்ன தயாரிப்பாளர்கள் எல்லோரும் பேய் பிடித்து அலைந்தார்கள். ஒரு பங்களா, ஏழெட்டு நடிகர்கள், இருபது நாள் இருந்தால் போதும், படம் முடிந்துவிடும். அப்படி ஒன்பது படத்தில் நடித்தேன். வாட்ச்மேன், சமையல்காரர், பூசாரி. ஏழு படத்தில் இடைவேளைக்குள்ளேயே செத்துவிட்டேன். ஏற்காட்டில் ஒரு படத்துக்குப் புல்தரையில் பிணமாகப் படுத்திருந்தேன். கழுத்தில் ஊற்றிய ரத்தம் சர்க்கரைப் பாகில் கலர் கலந்தது. கால் மணி நேரத்தில் எறும்பு வந்துவிட்டது. காதுக்குப் பின்னால் ஒவ்வொன்றாக ஏறுவது தெரிகிறது. செத்தவன் அசையக் கூடாது. ஹீரோயின் என் மேல் விழுந்து அழ வேண்டிய ஷாட், நாலு டேக் போனது. ஓகே ஆனதும் எழுந்து ஓடினேன். யூனிட்டே சிரித்தது, நானும்தான்.

இனி என் வயிற்றெரிச்சல். கம்பெனி பெயரைச் சொல்ல மாட்டேன், கேட்காதீர்கள். ஒரு சீரியலில் மாமனாராக ஏழு மாதம் நடித்துக்கொண்டிருந்தேன். நாலு மாதப் பணம் பாக்கி நின்றது. இரண்டு முறை கேட்டேன், மூன்றாவது முறை கொஞ்சம் சத்தமாகக் கேட்டேன். அடுத்த வாரம் ஆர்ட் டிபார்ட்மென்ட் பையன் போன் பண்ணி, "சார், உங்க போட்டோ ஒண்ணு வேணும், சிரிக்காத மாதிரி" என்றான். ஏதோ வீட்டு செட்டில் மாட்ட என்று நினைத்தேன். அப்போது கையில் இருந்தது தங்கச்சி கல்யாணத்தில் எடுத்த போட்டோ மட்டும்தான். மச்சான் என் தோளில் கை போட்டு நிற்பார். அவரை வெட்டி எடுத்துவிட்டுப் பெரிதாகப் பிரின்ட் போட்டார்கள். போனால், செட்டில் என் படத்துக்குச் சந்தன மாலை போட்டு, கீழே சின்ன விளக்கு எரிகிறது. வெளியூர் போன இடத்தில் மாமனாருக்கு மாரடைப்பாம். எனக்கு யாரும் சொல்லவில்லை.

அது டி.வி.யில் வந்த அன்றைக்கு அம்மா ஊரில் பார்த்துக்கொண்டிருக்கிறார். சீரியலில் வந்தது என் குரல் இல்லை. நம்ம ஊர்ப் பேச்சு வாடை அடிக்கிறது என்று வேறொருவரை டப்பிங் பேச வைத்திருந்தார்கள். அதனால் அம்மா ஏழு மாதமும், "மூஞ்சி நீதான், ஆனா யாரோ பேசறாங்க" என்று குறையாகவே சொல்லிக்கொண்டிருந்தார். போட்டோவுக்குக் குரல் வேண்டியதில்லையே. தோளில் மிச்சமிருந்த மச்சானின் இரண்டு விரல்களைக்கூட அடையாளம் கண்டுபிடித்துவிட்டார். ராத்திரி களியைத் தொடவில்லை. நான் போனில் பேசின பிறகும், "நேர்ல வா" என்றார்.

அந்த போட்டோ அதற்குப் பிறகு இரண்டு வருடம் நடித்தது. மருமகள் தினமும் அதன் முன்னால் நின்று அழுவாள், சபதம் எடுப்பாள். ஒரு பைசா வரவில்லை. பாக்கியில் பாதிதான் கைக்கு வந்தது. எல்லாக் கம்பெனியும் இப்படி என்று நான் சொல்லவில்லை. மாலையில் பேக்கப் ஆனதும் கையில் கவரைக் கொடுத்து அனுப்பியவர்களும் உண்டு.

நேரில் வா என்றால் எப்படி வருவது? சென்னையிலிருந்து ரயிலில் வந்தால் ராத்திரி மொரப்பூரில் இறங்கி, பஸ்ஸுக்கு நிற்க வேண்டும். வெள்ளைக்காரன் காலத்தில் மொரப்பூரிலிருந்து தருமபுரிக்குச் சின்ன ரயில் ஓடியது. இரண்டாம் உலகப் போர் நேரத்தில் அதை மூடினார்கள். போர் முடிந்து எத்தனை வருடம் ஆச்சு! திரும்ப அந்தப் பாதையைப் போட 2019இல்தான் அடிக்கல் நாட்டினார்கள். வெறும் 36 கிலோமீட்டர். பக்கத்து கிருஷ்ணகிரி டவுனுக்கு ரயிலே கிடையாது. ஒரு நல்ல வேஷம், அப்பா கேரக்டர், பஸ் தொப்பூர் கணவாய் நெரிசலில் மாட்டியதால் எனக்குக் கைநழுவியது. அன்றைக்கு சேலத்தில் ஒரு சாவுக்குப் போய்விட்டுத் திரும்பிக்கொண்டிருந்தேன். சரி, இது உங்கள் கேள்விக்குச் சம்பந்தமில்லாதது.

2020 மார்ச்சில் ஷூட்டிங் எல்லாம் நின்றபோது ஊருக்கு வந்தேன். இப்போது பாலக்கோட்டில் தக்காளி மண்டியில் கணக்கு எழுதுகிறேன். யாராவது வாட்ச்மேன் வேஷத்துக்குக் கூப்பிட்டால் லீவு போட்டுவிட்டுப் போகிறேன். போன மாதம்கூட ஒன்றில் செத்தேன்.

நீங்கள் போவதென்றால் ஆறு மாதச் சாப்பாட்டுக்குக் காசு, நாலு செட் துணி, ஒரு நல்ல மேனேஜரின் நம்பர் வைத்துக்கொள்ளுங்கள். அப்புறம், ஸ்டூடியோவில் தனியாக நின்று ஒரு போட்டோ எடுத்துக்கொண்டு போங்கள். தோளில் யார் கையும் இல்லாமல்.